வெள்ளத்தில் எடுத்த படம் எப்போது விவரணப்படம் ஆகிறது? – கிம்பர்லி ரிவர்ஸ் ரொபர்ட்ஸை முன்வைத்து

எங்கள் ஊருக்குள் வெள்ளம் வந்து வடிந்து பத்துப் பதினைந்து நாள் இருக்கும். என்னிடம் உயர்தரத்தில் தமிழ் படிக்கும் மாணவி ஒருத்தி அசருக்குப் பிறகு வீட்டுக்கு வந்தாள். வார இறுதி நாட்களில் அவளும் அவளுடைய ராத்தாவும் கலியாண வீடுகளில் பெண்கள் பக்கம் வீடியோ எடுக்கப் போகிறவர்கள். வெள்ளத்தன்று தன் வீட்டில் எடுத்த படத்தைப் போனில் காட்டினாள். பதினொரு நிமிடம். வாசற்படியைத் தாண்டித் தண்ணீர் வருகிறது. உம்மா அரிசிப் பையைத் தூக்கி அலுமாரிக்கு மேல் வைக்கிறார். மூத்தம்மா கட்டிலை விட்டு இறங்கமாட்டேன் என்று அடம்பிடித்து ஏதோ சொல்கிறார். என்ன சொல்கிறார் என்று கேட்கவில்லை, ஏனென்றால் இவள் மேலே ஒரு சோகப் பாட்டைப் போட்டிருந்தாள்.

படம் முடிந்ததும், "டீச்சர், இது டொக்கியூமென்டரியா, இல்லாட்டி சும்மா வீடியோவா?" என்று கேட்டாள்.

எனக்கு உடனே பதில் வரவில்லை. "ரெண்டு மூணு நாள் தா புள்ள" என்று சொல்லி அனுப்பிவிட்டேன். இந்தக் கட்டுரை அவளுக்குச் சொல்ல நினைத்த பதில்தான். பதிலைத் தேடப் போனபோது, நான் முன்பு பார்த்திருந்த ஒரு படத்திடம் திரும்பிப் போக வேண்டி வந்தது. அதோடு, இருபது வருசமாக நான் யாரிடமும் சொல்லாத ஒரு விசயத்திடமும்.

2005 ஆகஸ்ட் 29ஆம் திகதி கத்ரீனா சூறாவளி அமெரிக்காவின் தென்கரையைத் தாக்கியது. நியூ ஓர்லியன்ஸ் நகரத்தின் ஏறத்தாழ 80 வீதம் நீரில் மூழ்கியது. ஆயிரத்துக்கும் மேற்பட்டோர் உயிரிழந்தார்கள். நகரை விட்டு எல்லோரும் கட்டாயமாக வெளியேற வேண்டும் என்று மேயர் அறிவித்தது முதல் நாள்தான். கார் வைத்திருந்தவர்கள் போனார்கள். கார் இல்லாதவர்களை ஊருக்கு வெளியே ஏற்றிப்போக பஸ் இருக்கவில்லை. அப்படித் தங்கிவிட்டவர்களில், ஒன்பதாம் வட்டாரம் என்று சொல்லப்படும் ஏழைக் கறுப்பின மக்களின் பகுதியில் இருந்த கிம்பர்லி ரிவர்ஸ் ரொபர்ட்ஸும் அவருடைய கணவர் ஸ்கொட்டும் அடக்கம். கிம்பர்லிக்கு அப்போது 24 வயது. ராப் பாடகியாக வரவேண்டும் என்று பாட்டுக் கட்டிக்கொண்டிருந்தவர். புயலுக்குக் கொஞ்ச நாள் முந்தி, தெருவில் 20 டொலருக்கு ஒரு பழைய வீடியோ கமெரா வாங்கியிருந்தார். அதை எப்படிப் பிடிப்பது என்று யாரும் அவருக்குச் சொல்லிக்கொடுக்கவில்லை.

அந்தக் கமெராவில் அவர் எடுத்ததை மையமாக வைத்து ரியா லெசின், கார்ல் டீல் என்ற இருவர் இயக்கிய விவரணப்படம்தான் 'ட்ரபிள் த வோட்டர்'. 2008இல் சண்டான்ஸ் திரைப்பட விழாவில் அமெரிக்க விவரணப்படத்துக்கான நடுவர் குழுவின் பெரும்பரிசைப் பெற்றது. அடுத்த வருசம் ஒஸ்காருக்கும் முன்மொழியப்பட்டது.

இனி அந்தக் காட்சிகளைப் பார்ப்போம். கமெரா ஆடுகிறது. சில இடங்களில் தலை சுற்றும். ஆனால் ஒரு விசயத்தைக் கவனிக்க வேண்டும். கிம்பர்லி புயலில் இருந்து தொடங்கவில்லை. புயலுக்கு முதல் நாள் தெருவில் இருந்து தொடங்குகிறார். சைக்கிளில் சுற்றுகிறார். வாசலில் நிற்பவர்களை விசாரிக்கிறார். சின்னப் பிள்ளைகளிடம் பயமா என்று கேட்கிறார். கடையில் என்ன மிச்சம் என்று பார்க்கிறார். நல்லதாக ஏதும் பட்டால் விற்கலாம் என்று பாதி பகிடியாகவும் சொல்லிக்கொள்கிறார். பிறகு மழை வருகிறது, தண்ணீர் வருகிறது, வீட்டின் மேல்தளத்துக்கு ஏறுகிறார்கள், அங்கிருந்தும் மேலே கூரையடிக்கு ஏறுகிறார்கள். அந்தச் சிறிய சாளரத்தால் கமெராவை நீட்டும்போது, தெருமுனையில் நிற்கும் 'நில்' என்ற வீதிச் சமிக்ஞைப் பலகையின் தலை மட்டும் தண்ணீருக்கு மேலே தெரிகிறது. தண்ணீரின் ஆழம் எவ்வளவு என்று யாரும் சொல்லத் தேவையில்லை.

அதே நாட்களில் உலகம் ரீவியில் பார்த்தது ஹெலிகொப்டரில் இருந்து எடுத்த படங்களை. மேலிருந்து பார்த்தால் கூரைகள் தெரியும், கூரையில் நின்று கைகாட்டும் மனிதர்கள் புள்ளிகளாகத் தெரிவார்கள். பெயர் தெரியாது. கிம்பர்லியின் கமெராவுக்கு எல்லோருடைய பெயரும் தெரியும். முதல் நாள் கதைத்த ஆட்கள்தானே! அந்த முதல் நாள் இருப்பதனால்தான் இரண்டாம் நாள் நமக்கு வலிக்கிறது. பெரிய காப்பியங்களில் நகரப் படலம் முதலில் வருவது ஏன் என்று வகுப்பில் பிள்ளைகள் கேட்பார்கள். நகரம் எப்படி இருந்தது என்று தெரியாதவனுக்கு அது அழிந்ததில் என்ன கவலை வரப்போகிறது? படிக்காத கிம்பர்லிக்கு அது எப்படியோ தெரிந்திருக்கிறது.

ஆனாலும் இந்த இடத்தில் நிறுத்தி யோசிக்க வேண்டும். படத்தில் அவர் எடுத்த காட்சிகள் வருவது ஏறக்குறைய 15 நிமிடம்தான். மிச்சம் முழுவதும் லெசினும் டீலும் எடுத்தவை. அவர்கள் மைக்கேல் மூரின் படங்களில் வேலை செய்து தேர்ந்தவர்கள். ஈராக்கில் இருந்து திரும்பிய லூசியானாவின் தேசியக் காவற்படையினரைப் பற்றிப் படம் எடுக்க வந்தவர்களுக்கு, அந்த அனுமதி இடையில் இல்லாமல் போய்விட்டது. அலெக்சாண்ட்ரியா என்ற ஊரில் இருந்த செஞ்சிலுவைச் சங்க முகாமில் நின்றபோது கிம்பர்லியும் ஸ்கொட்டும் தாங்களாகவே அவர்களிடம் போய், எங்களிடம் இருப்பதைப் போல உலகத்தில் வேறு யாரிடமும் இல்லை என்று சொன்னார்கள். படம் அந்தக் காட்சியோடுதான் தொடங்குகிறது. இயக்குநர்கள் கிம்பர்லியைக் கண்டுபிடிக்கவில்லை. கிம்பர்லிதான் அவர்களைக் கண்டுபிடித்தார்.

அந்த இருவரும் செய்த பெரிய வேலை, ஒழுங்குபடுத்தியது. கூரையடியில் சிக்கியவர்கள் 911 என்ற அவசர இலக்கத்துக்கு எடுத்த அழைப்புகளின் ஒலிப்பதிவைக் கிம்பர்லியின் படத்தோடு சேர்த்தார்கள். தண்ணீர் ஏறுகிறது, காப்பாற்றுங்கள் என்று ஒரு பெண் கெஞ்ச, இப்போது மீட்புக்கு ஆள் இல்லை என்று மறுபக்கத்தில் பதில் வருகிறது. நகரத்தை மூழ்கடித்தது மழை மட்டுமல்ல, இராணுவப் பொறியியல் படையணி கட்டிய வெள்ளத் தடுப்பு அணைகள் உடைந்ததும்தான் என்பது இங்கே கேள்வியாக எழுகிறது. அடுத்து கடற்படை முகாம் காட்சி. வீடிழந்த அயலவர்கள் ஒரு கூட்டமாக, ஆளில்லாத குடியிருப்புகள் இருந்த முகாமுக்குப் போய் இடம் கேட்கிறார்கள். வாசலில் துப்பாக்கியை நீட்டித் திருப்பி அனுப்புகிறார்கள்.

வெறுமையாகக் கிடக்கும் வீடுகள், வெளியே நிற்கும் வீடில்லாதவர்கள். நமக்கு இதை விளங்கப்படுத்த வேண்டியதில்லை. நுரைச்சோலையில் சுனாமியால் பாதிக்கப்பட்டவர்களுக்கென்று சவூதி அரேபியாவின் உதவியில் கட்டிய 500 வீடுகள் பல வருசம் பங்கிடப்படாமல் காடுபத்திக் கிடந்ததை அக்கரைப்பற்றுப் பக்கம் போய் வந்த யாரும் மறக்கமாட்டார்கள்.

இந்தப் படத்தில் எனக்குப் பிடித்த இன்னொன்று, கிம்பர்லியும் ஸ்கொட்டும் தங்களை வெள்ளையடித்துக் காட்டவில்லை. போதைப்பொருள் விற்றுப் பிழைத்த காலத்தை மறைக்கவில்லை. கிம்பர்லியின் 13 வயதில் அவருடைய தாய் எயிட்ஸ் நோயால் இறந்ததையும் மறைக்கவில்லை. அழிவைப் பற்றிப் படம் எடுப்பவர்களுக்குப் பொதுவாக ஒரு 'நல்ல அகதி' தேவைப்படும். அழ வேண்டும், நன்றி சொல்ல வேண்டும், கோபப்படக் கூடாது. கிம்பர்லி கோபப்படுகிறார், சிரிக்கிறார், தூஷணமும் பேசுகிறார். இரண்டு கிழமை கழித்து வட்டாரத்துக்குத் திரும்பி வந்து, தன் மாமா ஒருவரின் உடல் இன்னும் வீட்டுக்குள்ளேயே கிடப்பதைக் காண்கிற அதே ஆள்தான், பிறகு கமெராவின் முன் நின்று தன் வாழ்க்கையைப் பாட்டாகப் பாடுகிறார். அந்தப் பாட்டைச் சில பேர் நம்பிக்கை ஊட்டும் காட்சி என்று எழுதினார்கள். எனக்கு அப்படிப் படவில்லை. மற்றவர்கள் ஒழுங்குபடுத்திய படத்துக்குள்ளே தன் கதையைத் தானே ஒழுங்குபடுத்திச் சொல்ல அவருக்குக் கிடைத்த ஒரே இடம் அது.

என் விமர்சனமும் இங்கேதான். 'ட்ரபிள் த வோட்டர்' பெரிய படம், அதில் சந்தேகமில்லை. ஆனால் அதில் கிம்பர்லி விவரணப்பட இயக்குநர் இல்லை. அவர் சாட்சி, ஒளிப்பதிவாளர், கதாநாயகி. எதை முன்னால் வைப்பது, எதைப் பின்னால் வைப்பது, எந்தக் கேள்வியை யாரிடம் கேட்பது என்ற தீர்மானம் மற்றவர்களுடையது. அவர்கள் நேர்மையானவர்கள், அவருடைய பெயரையும் பங்கையும் மறைக்கவில்லை. இருந்தும் வித்தியாசம் வித்தியாசம்தான். படத்தின் பிற்பகுதியில், அவருடைய கமெரா ஓய்ந்து தொழில்முறைக் கமெரா அவரைப் பின்தொடரும்போது, முன்பு பார்த்தவர் இப்போது பார்க்கப்படுகிறவராக மாறிவிடுவதை நாம் உணரலாம். படம் அந்த இடங்களில் கொஞ்சம் தளர்வதும் அதனால்தான் என்பது என் எண்ணம்.

இதே அழிவைப் பற்றி ஸ்பைக் லீ 2006இல் எடுத்த நான்கு மணித்தியால விவரணப்படத்தையும் பக்கத்தில் வைத்துப் பார்க்கலாம். பெயர்பெற்ற இயக்குநர், தன் இனத்து மக்களுக்காக வந்தார், நிறையப் பேரைப் பேச வைத்தார். அணைகள் ஏன் உடைந்தன என்று கேட்டார். வெளியில் இருந்து வந்தவரும் நியாயமாகப் படம் எடுக்கலாம் என்பதற்கு அது சாட்சி. ஆகவே, 'பட்டவன்தான் சொல்ல வேண்டும், மற்றவன் வாயைத் திறக்கக் கூடாது' என்று நான் வாதாட வரவில்லை. நான் கேட்பது வேறு. பட்டவர் எப்போது படைப்பாளி ஆகிறார்?

கிம்பர்லி விசயத்தில் அதற்கு பத்து வருசம் போல எடுத்தது. 2016இல் 'ஃபியர் நோ கம்போ' என்ற விவரணப்படத்தை அவரே இயக்கினார். கம்போ என்பது நியூ ஓர்லியன்ஸ் மக்களின் ஒரு சூப் வகை, பல சாமான்கள் சேர்த்துக் காய்ச்சுவது. இந்தப் படத்தில் புயல் பின்னால் போய்விட்டது. புயலுக்குப் பிறகு பத்து வருசமாக நடந்த 'மீள்கட்டுமானம்' யாருக்காக நடந்தது, அதில் இந்த ஊரின் பழைய குடிகளுக்கு என்ன இடம் கிடைத்தது என்பதுதான் விசயம்.

அந்தப் பத்து வருசத்தில் அந்த நகரத்தில் என்ன நடந்தது என்று கொஞ்சம் தெரிந்துகொள்வது நல்லது. வெள்ளத்துக்குப் பிறகு அரச பள்ளிக்கூடங்களின் ஆசிரியர்கள், ஊழியர்கள் என்று 7,000க்கும் மேற்பட்டவர்களை வேலையில் இருந்து நீக்கினார்கள். அவர்களில் பெரும்பாலோர் கறுப்பினத்தவர். பள்ளிக்கூடங்கள் தனியார் நிர்வாகங்களின் கைக்கு மாறின. ஓர் ஆசிரியையாக இதை வாசித்தபோது நெஞ்சு திக்கென்றது. புயல் ஒரு பள்ளிக்கூடத்தின் கூரையைத்தான் கொண்டுபோகும். ஆசிரியரைக் கொண்டுபோனது கடதாசி. வீடு திருத்த மாநிலம் கொடுத்த நிவாரணத்திலும் ஒரு கணக்கு இருந்தது. வீட்டின் பழைய சந்தைப் பெறுமதி, திருத்தும் செலவு, இரண்டில் எது குறைவோ அதை வைத்துத்தான் பணம். கறுப்பின மக்களின் வட்டாரங்களில் வீட்டு விலை குறைவு. ஆகவே அதே அளவு வீடு, அதே அளவு சேதம், ஆனால் கிடைப்பது குறைவு. இது வழக்காகி, 2011இல் இணக்கத்துக்கு வந்தது.

இவற்றை ஒரு சாளரத்தால் கமெராவை நீட்டி எடுக்க முடியாது. சட்டமும் கணக்கும் தண்ணீரைப் போலக் கண்ணுக்குத் தெரிகிறவை அல்ல. அதற்கு ஆட்களைத் தேடிப் போக வேண்டும், திரும்பத் திரும்பக் கேட்க வேண்டும், ஒருவர் சொன்னதை இன்னொருவர் சொன்னதோடு வைத்துப் பார்க்க வேண்டும். முதற்படத்தை ஒரு குடும்பத்தின் பயணம் கட்டிப் பிடித்திருந்தது. ஒரு நகரத்தின் பத்து வருசத்துக்கு அப்படி ஒரு கயிறு இல்லை. பார்க்கிறவருக்கு இது சிரமமான படம்தான், பரிசு வாங்கிய படத்தின் புகழும் இதற்குக் கிடைக்கவில்லை. ஆனாலும் கிம்பர்லி விவரணப்பட இயக்குநராக ஆனது இங்கேதான் என்பேன். 'எனக்கு என்ன நடந்தது' என்பதில் இருந்து 'நமக்கு இது ஏன் நடந்தது, யார் செய்தது' என்பதற்கு அவர் நகர்ந்தது இங்கே.

இனி, நான் ஆரம்பத்தில் சொன்ன அந்த விசயம்.

2004 டிசம்பர் 26. இலங்கையில் 30,000க்கும் மேற்பட்ட உயிர்கள். அம்பாறை மாவட்டத்தில் மட்டும் 10,000க்கும் மேல். மருதமுனையில் இருந்து கீழே வரை எந்த ஊரில் எத்தனை ஜனாஸா என்று நமக்குத் தெரியும். நான் அப்போது தமிழ் சிறப்புப் பட்டத்தின் கடைசி வருசம். மாசி மாதம் என்று நினைவு, வெளிநாட்டில் இருந்து ஒரு படப்பிடிப்புக் குழு வந்தது. ஓரளவு இங்கிலிஷ் தெரியும் என்பதால் மொழிபெயர்க்க என்னைக் கூட்டிக்கொண்டு போனார்கள். ஒரு பள்ளிக்கூடத்து முகாமில், இரண்டு பிள்ளைகளைப் பறிகொடுத்த ஒரு தாயின் முன்னால் கமெராவை வைத்தார்கள்.

அந்தத் தாய் பிள்ளைகளைப் பற்றி இரண்டே இரண்டு வசனம் சொன்னார். பிறகு வேறு கதை தொடங்கினார். "இந்தா பாருங்க தங்கச்சி, கடல்லிருந்து 200 மீற்றருக்குள்ள ஊடு கட்ட ஏலாதாம். காலி, மாத்தறப் பக்கமெல்லாம் 100 தானாம். அங்கத்தக் கடல் வேற கடலா? எங்கட வளவு அஞ்சு பேர்ச். 200 மீற்றர உட்டா எங்களுக்கு மிச்சம் என்ன? இதக் கேளுங்க அவங்ககிட்ட."

நான் குழுவினரிடம் திரும்பி, "வீட்டுப் பிரச்சினை ஒன்றைச் சொல்கிறார்" என்று ஒரு வரியில் சொன்னேன். அவர்கள் தலையாட்டிவிட்டு, பிள்ளைகளைப் பற்றிக் கேட்கச் சொன்னார்கள். கேட்டேன். இன்னொரு முறை கேட்கச் சொன்னார்கள். கேட்டேன். மூன்றாம் முறை அவர் அழுதார். கமெரா கிட்டப் போனது. போதும் என்றார்கள்.

அந்தப் படத்தை நான் பார்க்கவில்லை. அவர்கள் என்ன வெட்டினார்கள், என்ன வைத்தார்கள் என்று தெரியாது. ஆனால் முதல் வெட்டை வெட்டினது நான். அந்தப் பெண் ஒரு விவரணப்படத்துக்குரிய கேள்வியைக் கேட்டார். தெற்கிலும் மேற்கிலும் 100 மீற்றர், வடக்கிலும் கிழக்கிலும் 200 மீற்றர் என்று அரசு முதலில் அறிவித்த தடைவலயத்தின் கணக்கு யார் போட்ட கணக்கு? அதுதான் கேள்வி. நான் அதை 'வீட்டுப் பிரச்சினை' என்று சுருக்கி, அவருடைய கண்ணீரை மட்டும் முழுதாக மொழிபெயர்த்தேன்.

இதை எனக்கு மட்டுமே உரிய பிழையாக நினைத்திருந்தேன். பிறகு யோசித்துப் பார்த்தால், சுனாமிக்குப் பிறகு நாம் எழுதியதிலும் பெரும்பகுதி இப்படித்தான். மலர்களிலும் சஞ்சிகைகளிலும் வந்த கவிதைகள் கடலைத் தாய் என்றன, பேய் என்றன, ஏன் செய்தாய் என்று கடலிடம் கேட்டன. நானும் இரண்டு எழுதினேன். 200 மீற்றரைப் பற்றி எழுதிய ஒரு கவிதை என் கண்ணில் படவில்லை. கடல் வந்தது அல்லாஹ்வின் நாட்டம் என்று நம்பி சபூர் செய்தோம், அதுதான் நம்மைத் தாங்கியது. ஆனால் 200 என்ற இலக்கத்தை எழுதினது ஒரு மனிசனின் கை. அந்தக் கையிடம் கேட்பதற்கு சபூர் தடையில்லை. கிம்பர்லியின் படமும் இறைவனைக் கூப்பிடுகிற படம்தான். கூரையடியில் துஆக் கேட்கிறார்கள். படத்தின் பெயரே கறுப்பின மக்களின் பழைய பக்திப் பாடலில் இருந்து வந்தது. இறைவனிடம் கேட்பதை இறைவனிடம் கேட்டார்கள், அரசிடம் கேட்பதை அரசிடம் கேட்டார்கள்.

கமெரா இல்லாததனால்தான் நம்மிடம் இப்படியான படங்கள் வரவில்லை என்று சொல்ல முடியாது. சுனாமிக்கு முன்பே நம் ஊர்களில் கலியாண வீடியோக்காரர்கள் இருந்தார்கள். மௌத்தாகிப் போன பல பேரின் நடமாட்டத்தையும் குரலையும் நாம் இன்றைக்கும் பார்ப்பது, கேட்பது அந்தக் கலியாணக் கசற்றுகளில்தான். அந்த வீடியோக்காரர்களைக் கலைஞர் என்று நாம் எப்போதாவது நினைத்தோமா? பெண்கள் பக்கம் எடுக்க வருகிற பிள்ளைகளை விடுங்கள், சோறு கொடுத்து ஒரு மூலையில் இருத்துவதோடு சரி. 20 டொலர் கமெரா வைத்திருந்த கிம்பர்லியையும் புயலுக்கு முன் யாரும் ஒன்றாகவும் நினைக்கவில்லை.

மாணவி மூன்றாம் நாள் வந்தாள். இதில் பாதியைத்தான் சொன்னேன். "புள்ள, உன்ட படம் இன்னும் டொக்கியூமென்டரி இல்ல. ஆனா அதுக்குரிய முதற் பதினொரு நிமிசம் உன்கிட்ட இருக்கு" என்றேன். வெள்ளத்துக்கு முந்தின தெரு உன் பழைய கலியாண வீடியோக்களில் எங்காவது இருக்கும், தேடு என்றேன். மூன்று மாதம் கழித்து அதே ஒழுங்கைக்குத் திரும்பிப் போ என்றேன். கடைசியாக, "முதல்ல அந்தப் பாட்ட எடு" என்றேன்.

அவள் முகம் சுருங்கிவிட்டது. ஆனால் எடுத்தாள். அடுத்த வெள்ளிக்கிழமை பாட்டில்லாமல் கொண்டுவந்து காட்டினாள். கட்டிலில் காலை மடக்கி இருந்துகொண்டு மூத்தம்மா சொன்னது இப்போது தெளிவாகக் கேட்டது: "முந்தி இந்தத் தண்ணி நம்மட வளவுக்குப் பின்னால போய் ஆத்துல உழும். போற வழிய அடச்சிட்டானுகள். வந்த தண்ணி எங்க போற?"

"அடச்சது ஆரு டீச்சர்?" என்று கேட்டாள்.

எனக்கும் தெரியாது. "உன்ட கமெராவ எடுத்துக்கிட்டுப் போய் மூத்தம்மாட்ட கேளு. அவ சொல்ற பேர எழுதி வச்சிக்க. பிறகு அந்த ஆளிட்டயும் போ" என்றேன்.